தரங்கம்பாடியில் பிறந்த காஜா பேராங்காரர்கள்

ஞானஸ்நானப் பதிவேடு, பக்கம் பதினேழு, மேலிருந்து நான்காவது வரி: “பெயர்: எஸ்தர். பெற்றோர்: ஞானமுத்து, மரியாள். ஊர்: தரங்கம்பாடி.” கடைசிச் சொல்லின் மேல் சிவப்பு மையில், அளவுகோல் வைத்து இழுத்த ஒரு கோடு. பக்கத்தில் அதே மையில், “பத்து பெரெண்டாம் தோட்டம், ஐந்தாம் லயம்.” ஓரத்தில் ஒரு சுருக்கொப்பம். தேதி 1-9-1957.

இந்தப் பதிவேடு இப்போது என் வசம் இருக்கிறது. பெரும்பகுதி ஒரே கையெழுத்து. முத்து முத்தாக, சற்று வலப்புறம் சாய்ந்து, ஓர் அடித்தல் திருத்தல் இல்லாமல் ஓடும். சிவப்புக் கோடுகள் மட்டும் விதிவிலக்கு. அவை அத்தனையும் ஒரே நாளில் விழுந்தவை. அந்தக் கைக்கு உரியவரைப் பற்றித்தான் இந்தக் குறிப்பு. பெயரை எழுதப்போவதில்லை. அவரே மனிதர்களிடம் பெயரை இரண்டாவதாகத்தான் கேட்பார். முதலில் கேட்பது ஊர்.

அவர் எங்கள் சபையின் உபதேசியார். மலாக்காவின் காஜா பேராங்கில், கம்போங் செட்டி என்ற செட்டிகள் குடியிருப்பு முடிந்து ரப்பர் மரங்கள் தொடங்கும் இடத்தில், பலகைச் சுவரும் தகரக் கூரையுமாக நின்ற சின்ன லுத்தரன் ஆலயம் எங்களுடையது. மழை பெய்தால் தகரச் சத்தத்தில் பிரசங்கம் கேட்காது. சபையார் அதை ஒரு குறையாகச் சொன்னதாக எனக்கு நினைவில்லை. பட்டம் பெற்ற போதகர் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை கோலாலம்பூரிலிருந்து ரயிலில் வந்து, தம்பினில் இறங்கி பஸ் பிடித்து, திருவிருந்து கொடுத்துவிட்டுப் போய்விடுவார். மற்ற நாட்களில் பரலோகத்துக்கும் காஜா பேராங்குக்கும் இடையே இருந்த ஒரே அதிகாரி உபதேசியார்தான்.

மலாக்கா வெயிலில் கழுத்துவரை பொத்தான் போட்ட கறுப்புக் கோட்டு அணிவார். கையில் குடை. சைக்கிள் ஒன்று உண்டு. அதில் அவர் ஏறி நான் பார்த்ததில்லை. ஏறினால் கோட்டு கசங்கும். அதனால் உருட்டிக்கொண்டே நடப்பார்.

திருவிருந்துக்கு முந்தைய சனிக்கிழமை சபையார் வந்து பேர் கொடுக்க வேண்டும் என்பது எங்கள் வழக்கம். யாருக்காவது யாரோடாவது மனஸ்தாபம் இருந்தால் அதற்குள் விசாரித்து ஒப்புரவாக்குவதுதான் அதன் நோக்கம். உபதேசியார் மனஸ்தாபங்களை விசாரித்ததில்லை. இருபது வருடமாகத் தெரிந்தவரிடமும், “எந்த ஊரு?” என்று கேட்டு எழுதிக்கொள்வார். பரலோகப் பந்தியில் ஊர்வாரியாகத்தான் இலை போடுவார்கள் என்று அவருக்கு யாரோ தகவல் கொடுத்திருக்க வேண்டும்.

ஊர் என்றால் இந்தியாவில் இருப்பது. இங்கே இருப்பவை வெறும் இடங்கள். “தோட்டம் ஒரு ஊரா தம்பி? லயம் ஒரு ஊரா? மரத்துக்கு நம்பர் போடுற எடமெல்லாம் ஊராயிருமா?” என்று என்னிடம் கேட்டிருக்கிறார். தோட்டத்தில் கூலிக்காரர்களுக்காக வரிசையாகக் கட்டிய வீடுகள்தான் லயம். சபையில் முக்கால்வாசிப் பேர் அந்த வீடுகளில்தான் பிறந்தார்கள்.

ஜப்பான்காரன் காலம் முடிந்தபோது சபையின் பழைய பதிவேட்டைக் கறையான் பாதி தின்றிருந்தது. உபதேசியார் மூன்று மாதம் உட்கார்ந்து புதிய பிரதி எழுதினார். பழையதில் முந்தைய உபதேசியார், குழந்தை பிறந்த தோட்டம், லயத்து எண் உட்படக் கிறுக்கி வைத்திருந்தாராம். புதியதில் அதற்கெல்லாம் பத்தி கிடையாது. ‘ஊர்’ என்று ஒரே பத்தி. எழுதி முடித்ததும் பழைய புத்தகத்தை ஆலயத்தின் பின்னால் வைத்துக் கொளுத்திவிட்டார்.

“ஒரே கறையான். பாக்க அசிங்கமா இருந்துச்சு,” என்று எனக்கு விளக்கம் சொன்னார். “எழுதுனா அழகா எழுதணும் தம்பி.”

அழகான ஊர் எது என்பதில் அவருக்குச் சந்தேகமே இருந்ததில்லை. முதல் லுத்தரன் மிஷனெரிகள் 1706இல் வந்து இறங்கிய தரங்கம்பாடி. அவருடைய சொந்த ஊரும் அதுதான் என்று சொல்லியிருந்தார். யாக்கோபு என்ற லாரி டிரைவர் ஞானஸ்நானம் பெற்று சபையில் புதிதாகச் சேர்ந்த அன்று நான் பக்கத்தில் இருந்தேன்.

“எந்த ஊரு?”

“நாமக்கல் பக்கம், ஐயா.”

“நாமக்கல்லா? அங்க ஏது லுத்தரன்?”

“நான் அங்கதான் ஐயா பொறந்தேன். கைக்குழந்தையில தூக்கிட்டு வந்துட்டாங்க.”

“கப்பல் எங்க ஏறுனாங்க?”

“நாகப்பட்டணம்னு சொல்வாங்க.”

“நாகப்பட்டணத்துக்கு மேல என்ன இருக்கு?”

யாக்கோபு யோசித்தார். “கடல், ஐயா.”

“தரங்கம்பாடி,” என்றார் உபதேசியார், எழுதிக்கொண்டே. “எழுதியாச்சு. இனி மாத்த முடியாது. சந்தோஷமாப் போங்க.”

யாக்கோபு சந்தோஷமாகத்தான் போனார். ஓசியில் ஓர் ஊர் கிடைத்தால் யார் வேண்டாம் என்பார்கள்? இப்படிக் கிடைத்தவர்களை ஒருநாள் எண்ணிப் பார்த்தேன். பதிவேட்டில் நூற்றுப் பதினெட்டுப் பேர். அதில் தரங்கம்பாடிக்காரர்கள் நூற்று ஒன்பது. இத்தனை ஜனமும் கிளம்பி வந்த பிறகு அங்குள்ள ஆலயத்தில் மணியடிக்க ஆள் மிஞ்சியிருக்குமா என்று கவலையாக இருந்தது.

எந்தப் பிரசங்கத்தையும் அவர் ஆதியாகமத்தில் தொடங்கினாலும் தரங்கம்பாடியில் கொண்டுவந்து முடிப்பார். “எங்க ஊர்க் கடற்கரையில சாயங்காலம் நின்னா, சூரியன் தகதகன்னு அப்படியே கடலுக்குள்ள எறங்கும். ஆறு வயசுல அப்பா தோள்ல ஒக்காந்து பாத்தேன். அப்படி ஒரு அஸ்தமனத்த அப்புறம் நான் கண்டதில்ல.” முன் வரிசைப் பெண்கள் மூக்கைச் சிந்துவார்கள். பதிவேட்டின்படி அவர்களும் அதே அஸ்தமனத்தைப் பார்த்தவர்கள்தானே.

ஆலயத்துக்கு அடுத்த வீட்டில் ஒரு செட்டிப் பெரியவர் இருந்தார். பல நூற்றாண்டுகளாக இங்கேயே வாழும் மலாக்காச் செட்டிகளுக்குக் கோயிலில் மாரியம்மன். வீட்டில் பேச்சு மலாய். அவரையும் உபதேசியார் விட்டுவைக்கவில்லை. வேலிக்கு இந்தப் பக்கம் நின்று, தனக்குத் தெரிந்த பாசார் மலாயில், அதாவது சந்தைப் பேச்சு மலாயில், பூர்வீகம் எந்த ஊர் என்று கேட்டார்.

“சினி,” என்றார் பெரியவர், தரையைக் காட்டி. இங்கேதான்.

“அதுக்கு முன்னாடி?”

“சினி ஜுகா.” அப்போதும் இங்கேதான்.

உபதேசியார் மிகுந்த இரக்கத்தோடு திரும்பி வந்தார். “பாவம் தம்பி. ஊர் இல்லாத ஜனங்க.”

1956 பிப்ரவரி 20, திங்கட்கிழமை. லண்டன் போய்த் திரும்பிய தலைவர் மலாக்காத் திடலில் சுதந்திரத்துக்கு நாள் சொன்னபோது கூட்டத்தில் உபதேசியாரும் குடையோடு நின்றார். அடுத்த ஞாயிறு ஆராதனையில் அறிவித்தார்: “நாடு சுதந்திரம் வாங்கப்போகுது. சரித்திரம் இல்லாத சபையா நாம போய் நிக்க முடியாது. நான் எழுதப்போறேன்.” வாசிக்கும் நாளையும் பின்னால் குறித்தார். சுதந்திரம் 1957 ஆகஸ்டு 31, சனிக்கிழமை. மறுநாள் ஞாயிறு, செப்டம்பர் 1.

சரித்திரம் நாற்பது பக்கம் வளர்ந்தது. தலைப்பு, ‘தரங்கம்பாடி முதல் காஜா பேராங் வரை’. நான் அப்போது டவுனில் ஓர் அலுவலகத்தில் கிராணி, அதாவது குமாஸ்தா. சபைக்குச் செயலாளர் என்பதால் படித்துப் பார்க்கக் கொடுத்தார். சபையின் முதல் ஆராதனை ஒரு மாட்டுவண்டிக்காரரின் கொட்டகையில் நடந்தது என்பது எல்லோருக்கும் தெரியும். உபதேசியார் ‘தற்காலிக ஆலயம்’ என்று எழுதியிருந்தார்.

“மாட்டுக் கொட்டகைன்னுதானே ஐயா பெரியவங்க சொல்வாங்க?”

“மாடு வெளியில நின்னுச்சு தம்பி.”

இப்படி எல்லாம் அழகாகப் போய்க்கொண்டிருந்தபோதுதான் எஸ்தர் அக்கா வந்தார். அரசாங்க ஆஸ்பத்திரியில் துணி வெளுக்கும் பகுதியில் தற்காலிக வேலை, கணவர் இல்லை, இரண்டு பெண் பிள்ளைகள். வேலையில் நீடிக்க வேண்டுமானால் இந்த நாட்டில் பிறந்ததற்கு ஆதாரம் காட்ட வேண்டும், ஆகஸ்டு 30 வெள்ளிக்கிழமைதான் கடைசி நாள் என்று கடிதம் வந்திருந்தது. அவருடைய அப்பா பிறப்பைப் பதிவு செய்யவில்லை. இருந்த ஒரே ஆதாரம் சபைப் பதிவேடு. அதிலிருந்து நான் ஆங்கிலத்தில் நகல் எடுத்துக் கொடுத்தேன். குடியுரிமை ஆபீசில் அதைப் படித்துப் பார்த்து, நீ இந்தியாவில் பிறந்தவள் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் வேலை முடிந்து நேராக ஆலயத்துக்கு வந்தார். உபதேசியார் பிரசங்க மேடையில் நின்று சரித்திரத்தை வாசித்துப் பழகிக்கொண்டிருந்தார். நான் கேட்டுக்கொண்டிருக்க நியமிக்கப்பட்டிருந்தேன்.

“தோத்திரம் ஐயா. தரங்கம்பாடின்னா எங்க இருக்கு?”

உபதேசியார் முகம் மலர்ந்தது. “சோழ மண்டலக் கரையில, எஸ்தரு. கோட்டை ஒண்ணு இருக்கும் பாரு…”

“இங்கேர்ந்து பஸ் போகுமா?”

மலர்ந்த முகம் அப்படியே நின்றது.

“ஆபீசுல சொல்றாங்க, நான் அங்க பொறந்தேனாம். சர்ச்சு புக்குல எழுதியிருக்காம். நான் அஞ்சாம் லயத்துல பொறந்தவ ஐயா. கிளேபாங் கடலத் தாண்டி வேற கடல்ல காலு நனைச்சதில்ல.”

“அது உன் பூர்வீகம்மா. கௌரவமா எழுதி வச்சிருக்கு.”

“எங்கப்பா விழுப்புரம் பக்கம், ஐயா. பூர்வீகமும் தப்பு.”

உபதேசியார் கோட்டின் மேல் பொத்தானைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். அது போட்டுத்தான் இருந்தது.

“வெள்ளிக்கிழமைக்குள்ள காட்டலேன்னா வேல போயிரும். ரெண்டு பிள்ளைங்கள இழுத்துக்கிட்டு நான் எங்க போவேன்? உங்க தரங்கம்பாடிக்கா?”

“பதிவேட்டுல கை வைக்க முடியாது, எஸ்தரு. அது கர்த்தருடைய புஸ்தகம்.”

“கர்த்தரா எழுதுனாரு? உங்க கையெழுத்துதானே ஐயா?”

சொல்லிவிட்டு அக்கா போய்விட்டார். அன்றைக்குச் சரித்திரத்தின் மீதிப் பக்கங்களை நான் கேட்க வேண்டியிருக்கவில்லை.

செய்தி பரவியது. புதன்கிழமையே தரங்கம்பாடி காலியாகத் தொடங்கிவிட்டது. அத்தனை வருடம் அஸ்தமனத்துக்கு மூக்கைச் சிந்தியவர்கள் வரிசையாக வந்து ஊரை மாற்றித் தரச் சொன்னார்கள். முதலில் நின்றவர் யாக்கோபு.

“ஐயா, எனக்குக் காஜா பேராங்னு போட்டுருங்க.”

“யோவ், நீ நாமக்கல்ல பொறந்தவன்யா!”

“அன்னைக்கு நாமக்கல் வேணாம்னீங்களே. தரங்கம்பாடி குடுத்த கை காஜா பேராங் குடுக்காதா ஐயா?”

உபதேசியாருக்குக் கோபம் வந்தது. “உனக்கு நாமக்கல். எஸ்தருக்கு அஞ்சாம் லயம், மேற்குக் கோடி வீடு. பாக்கியத்துக்கு ஜாசின் ரோட்டுத் தோட்டம். அவ தம்பிக்கு அதே வீடு, மறு வருஷம்…” பதிவேட்டைத் திறக்காமலே, நின்ற வரிசை முழுவதற்கும் சொல்லிக்கொண்டு போனார். எரிந்துபோனதாக நாங்கள் நினைத்திருந்த புத்தகம் ஒரு வரி குறையாமல் அவர் தலைக்குள் இருந்தது. பொய்யை மையில் எழுதிவிட்டு உண்மையை மனப்பாடமாக வைத்திருந்த பதிவாளரை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

“இவ்வளவும் தெரிஞ்சா ஐயா அப்படி எழுதுனீங்க?” என்று கேட்டேன்.

“தெரிஞ்சத எல்லாமா எழுதுவாங்க?” என்றார். ஆனால் குரலில் வழக்கமான கம்பீரம் இல்லை.

வெள்ளிக்கிழமை காலை எட்டு மணிக்கு அவர் ஆபீஸ் வாசலில் நின்றார். கறுப்புக் கோட்டு, குடை, கக்கத்தில் துணியில் சுற்றிய பதிவேடு. சைக்கிளை உருட்டிக்கொண்டே வந்திருந்தார். எஸ்தர் அக்கா ஏற்கனவே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். ஆங்கிலத் தாள்களுக்காக என்னை வரச் சொல்லியிருந்தார்கள். தெருவெங்கும் கொடி கட்டிக்கொண்டிருந்தார்கள்.

அதிகாரி ஒரு மலாய்க்காரர், மரியாதையான மனிதர். உபதேசியார் பதிவேட்டை மேசையில் விரித்து வைத்து, “துவான், பூக்கு இனி சாயா துலிஸ்,” என்றார். இந்தப் புத்தகம் நான் எழுதியது. பிறகு ஊர்ப் பத்தியின் மேல் விரலை வைத்தார். “இனி போஹோங்.” இது பொய்.

அதிகாரி தலையைத் தூக்கினார். எது பொய், பெயர்களா, தேதிகளா என்று கேட்டார். அவையெல்லாம் உண்மை, இந்த ஒரு பத்தி மட்டும் பொய் என்றார் உபதேசியார். அதிகாரிக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. ஆனாலும் பக்கம் பக்கமாகப் புரட்டினார். ஒரே சொல், ஒரே வடிவம், தோட்டத்து மரங்களைப் போல மேலிருந்து கீழாக நேராக நின்றது.

“எல்லாம் ஒரே ஊரா?” என்று மலாயில் கேட்டார்.

“ஆமா, துவான்.”

அதிகாரி இன்னொரு பக்கத்தைப் புரட்டினார். “சந்தெக் துலிசான்,” என்றார். அழகான கையெழுத்து.

கையெழுத்தைப் புகழ்ந்தவருக்கு உபதேசியார் நன்றி சொல்லாமல் நின்றதை அன்று ஒருநாள்தான் பார்த்தேன்.

ஒரு சத்தியப் பிரமாணம் எழுதிக் கொடுத்தால் போதும் என்று முடிவாயிற்று. எஸ்தருக்கு ஞானஸ்நானம் நடந்தது அதே லயத்து வாசலில், பிறந்த பத்தாம் நாள். முந்தைய உபதேசியாருக்குத் தண்ணீர்ப் பாத்திரம் பிடித்து நின்றது இவர். அதை அவர் சொல்ல நான் ஆங்கிலமாக்க, ஒரு கிராணி தட்டச்சு செய்தார். பொய் சொன்னால் தண்டனை உண்டு என்ற வரியையும் நான் அவருக்குப் படித்துச் சொன்னேன். கடைசியில் பிரமாணம் செய்பவரின் விவரம்: பெயர், வயது, முகவரி, பிறந்த இடம். கிராணி விரலை எந்திரத்தின் மேல் வைத்துக்கொண்டு, “பிறந்த இடம்?” என்றார்.

உபதேசியார் என்னைப் பார்த்தார். பெஞ்சில் இருந்த எஸ்தர் அக்காவைப் பார்த்தார்.

“அத நானே எழுதுறேன்,” என்றார்.

தாளை வாங்கி மேசையின் ஓரத்துக்குப் போனார். பேனாவை மையில் தோய்த்தார். முனை காயும்வரை நின்றுவிட்டு மறுபடி தோய்த்தார். பிறகு, பக்கத்துப் பையன் பார்த்துவிடாமல் பள்ளிக்கூடத்தில் சிலேட்டை மறைப்பார்களே, அப்படி இடது உள்ளங்கையால் மறைத்துக்கொண்டு ஆங்கில எழுத்தில் எழுதினார். மை காய்ந்ததும் தாளை மடித்து அதிகாரியிடமே கொடுத்தார். அதிகாரி விரித்துப் படித்தார். முத்திரை குத்தினார். எஸ்தர் அக்காவின் கடிதத்திலும் குத்தினார்.

வாசலுக்கு வந்ததும், “என்ன ஐயா போட்டீங்க?” என்றேன்.

“கேட்டதுக்குப் பதில் போட்டேன்,” என்று சைக்கிளை உருட்டினார்.

பின்னால் வந்த எஸ்தர் அக்கா அவர் குடையைக் கொண்டுவந்து கொடுத்தார். உபதேசியார் அதை உள்ளேயே மறந்துவிட்டிருந்தார். “தோத்திரம் ஐயா,” என்றார் அக்கா. “சர்ச்சு புக்குலயும் அஞ்சாம் லயம்னு போட்டுருங்க. மேற்குக் கோடி வீடு வேணாம். அது ஒழுகும்.”

மறுநாள் நாடு பிறந்தது. அதன் பிறந்த தேதி, இடம் குறித்து எந்தச் சந்தேகமும் எழவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சுவிசேஷப் பாடம் பரிசேயனும் ஆயக்காரனும் ஜெபம்பண்ணப் போன கதை. அவர் தேர்ந்தெடுத்ததல்ல, திரித்துவ ஞாயிற்றுக்குப் பின்வரும் பதினோராம் ஞாயிற்றுக்கு அதுதான் பாடம், நான் அட்டவணையைச் சரிபார்த்தேன். வாசித்து முடித்துவிட்டுச் சரித்திரத்துக்கு வந்தார். கையில் நாற்பது பக்கம் இல்லை, ஒரே தாள். “காஜா பேராங் சபை ஒரு தற்காலிக மாட்டுக் கொட்டகையில் தொடங்கியது,” என்று வாசித்தார். ‘தற்காலிக’ என்ற சொல்லை விட மனம் வரவில்லை போலிருக்கிறது. “வந்தவர்கள் பல ஊர்க்காரர்கள். பிறந்தவர்கள் இந்த ஊர்க்காரர்கள்.” அவ்வளவுதான். சபை வரலாற்றிலேயே மழை பெய்யாத ஒரு நாளில் இவ்வளவு சுருக்கமாக யாரும் பேசியதில்லை.

ஆராதனை முடிந்ததும் சிவப்பு மையும் அளவுகோலுமாக உட்கார்ந்தார். யாக்கோபுக்கு நாமக்கல்தான் கிடைத்தது. சாயங்காலத்துக்குள் கோடு விழாத தரங்கம்பாடிகள் மூன்றே மூன்று. ஒரே குடும்பம், உண்மையாகவே அங்கிருந்து வந்தவர்கள். அதுவரை எங்கள் கூட்டத்தில் அடையாளம் தெரியாமல் கிடந்தார்கள்.

எஸ்தர் அக்கா அதே வேலையில் நிரந்தரமாகி, ஓய்வு பெறும்வரை இருந்தார். உபதேசியார் அதற்குப் பிறகும் பல வருடம் பிரசங்கம் செய்தார். அஸ்தமனம் மட்டும் திரும்ப வரவில்லை.

அவர் இறந்தபோது அடக்கப் பதிவேடு என் கைக்கு வந்திருந்தது. அதிலும் அதே பத்திதான். ஊர். அவருக்கு ஞானஸ்நானம் நடந்தது எங்கள் சபையில் அல்ல. ஆகவே எங்கள் புத்தகத்தில் அவருக்கு வரி இல்லை. நெருங்கிய உறவினர் யாரும் இல்லை. அந்த ஆபீசில் போய்க் கேட்டேன். பழைய பிரமாணங்கள் இடம் மாறிவிட்டதாகச் சொன்னார்கள். எங்கே என்று சொல்லத் தெரிந்தவர் கிடைக்கவில்லை.

மிஞ்சியது அந்த அஸ்தமனம். தேசப் படத்தில் பார்த்தேன். தரங்கம்பாடி கிழக்குக் கடற்கரை. அங்கே சூரியன் கடலிலிருந்து எழலாம். கடலுக்குள் இறங்க வழியில்லை. சாயங்காலம் ஒரு குழந்தை அப்பாவின் தோளில் உட்கார்ந்து, சூரியன் தகதகவென்று கடலுக்குள் இறங்குவதைப் பார்க்க வேண்டுமானால் அதற்குத் தோதான கரை இங்கே, மூன்று மைல் தள்ளி, கிளேபாங்கில் இருக்கிறது. ஆனால் அவர் அதைப் பார்த்தது ஆறு வயதில். பிறந்தது அதற்கு ஆறு வருடம் முந்தி. அந்த ஆறு வருடத்துக்கு என்னிடம் எந்த ஆதாரமும் இல்லை.

ஆகவே அந்தப் பத்தியில் மையால் எழுதவில்லை. பென்சிலில் இருக்கிறது, அவ்வளவு அழகில்லாத என் கையெழுத்தில்: “கிளேபாங்? சரிபார்க்கப்படவில்லை.”